சுதர்சினியின் தலையில் இறக்க வந்த மூலம்

துணுக்காயில் தண்ணீர்ப் பம்ப் பழுதானால் சுதர்சினியைத்தான் கூப்பிடுவார்கள். முப்பத்துநான்கு வயது. வலது கால் முழங்காலுக்குக் கீழே 2009 போரில் போனது. செயற்கைக் காலோடு வரம்பில் நடந்து போய், எஞ்சின் பிளக்கைக் கழற்றித் துடைத்து, கயிற்றை இரண்டு இழுப்பு இழுத்துப் பம்பை இயங்கவைத்துவிடுவாள். புதுப் பம்ப் வாங்கியவர்களும் முதல் இழுப்புக்கு அவளைத் தேடி வருவார்கள். ராசியான கை என்று ஊரில் பேச்சு. "ராசி இல்லை அண்ணை, ஊத்தை எடுத்தனான்" என்பாள். ஆனாலும் அந்தப் பேச்சுத்தான் வீட்டில் அடுப்பெரியச் செய்தது.

தங்கை கஜனிக்குப் பரந்தனிலிருந்து சம்பந்தம் வந்தது. மாப்பிள்ளை சதீசுக்கும் கஜனிக்கும் ஒருவரையொருவர் பிடித்துப் போயிற்று. எல்லாம் பொருந்தியது, நட்சத்திரத்தைத் தவிர. கணினியில் எடுத்த குறிப்பில் கஜனிக்கு மூலம் என்று வந்தது. மூலத்துப் பெண் மாமனாருக்கு ஆகாது என்று சதீசின் தாய் கமலாட்சி பயந்துவிட்டார். அந்த மாமனார் குகதாசனுக்குப் பல வருடமாகச் சீனி வருத்தம். நீரிழிவுக் குளிசையை ஒழுங்காகப் போடுவதில்லை. அதற்கு ஒருவரும் பயப்படவில்லை.

வழி சொன்னவர் உடுமாற்றி அப்புத்துரை. உடுமாற்று என்றால் நட்சத்திரத்தைப் பிடித்து இழுத்து இடம் மாற்றும் வித்தை. ஆள் பலகையில் உட்கார வேண்டும். முன்னால் தாம்பாளத்தில் கிணற்றுத் தண்ணீர், அதில் ஒரு தர்ப்பைப் புல். நட்சத்திரத்துக்கு நான்கு பாதம். நாளுக்கு ஒரு பாதமாக இழுத்தால் நான்காம் நாள் மூலம் கழன்று பூராடம் வந்து குந்தும். எல்லாம் பட்டப்பகலில்தான். "பகலிலை நட்சத்திரம் நித்திரை. இழுத்தாலும் திமிறாது" என்பார். மூலம் என்று நாம் சொல்லும் விண்மீன்களின் வெளிச்சம் இங்கே வந்துசேரவே நூற்றுக்கணக்கான வருடங்கள் எடுக்கிறது. அதை ஒருவர் துணுக்காயில் இருந்துகொண்டு புல்லால் இழுக்கிறார். பட்டம் பெற்றவர்களும் வரிசையில் நிற்கிறார்கள்.

கஜனி மூன்று நாள் வீட்டில் பலகையில் உட்கார்ந்தாள். நான்காம் நாள் மாப்பிள்ளை வீட்டாரும் வந்திருந்தார்கள். அப்போதுதான் சுதர்சினி கவனித்தாள். கஜனியின் பலகைக்குப் பக்கத்தில் இன்னொரு பலகை கிடந்தது.

"கழட்டின நட்சத்திரத்தைச் சும்மா விடக் கூடாது" என்றார் அப்புத்துரை. "இரத்த உறவிலை ஒருத்தற்றை தலையிலை இறக்க வேணும். மூத்த பிள்ளை இருக்கிறாதானே. அவாவுக்குக் கலியாணக் கதை ஒண்டும் இல்லை. மாமனார் வராத தலையிலை மூலம் இருந்தால் என்ன?" பேசும்போது அவருடைய கண் அவளுடைய காலில் நின்றது.

"அம்மா, உங்களுக்கு இது முதலே தெரியுமோ?" என்று சுதர்சினி கேட்டாள்.

தாய் சிவலட்சுமி நிலத்தைப் பார்த்தார். "ஒரு கால் மணித்தியாலம் இரு பிள்ளை. உனக்கு இனி என்ன வரப்போகுது?"

சுதர்சினி கஜனியைப் பார்த்தாள். கஜனி தலை குனிந்திருந்தாள்.

உட்கார்ந்துவிடலாமா என்றும் ஒரு கணம் தோன்றியது. நம்பாதவளுக்கு என்ன நட்டம்? ஆனால் நாளைக்கு ஊர் நம்பும். மூலத்தைச் சுமக்கிறவளை விதைப்புக் காலத்தில் எவன் தன் வயலுக்குள் விடுவான்? ஒரு பம்ப் இறுகி நின்றால் அதற்கும் அவள் தலைதான் காரணமாகும். அதைவிடவும் தாயின் கேள்வி சுட்டது.

"ஐயா, இவளின்ரை மூலம் எங்கையிருந்து வந்தது எண்டு தெரியுமோ?" என்று கேட்டாள். "தொண்ணூத்தஞ்சு இடம்பெயர்விலை, கிளிநொச்சியிலை ஒரு பள்ளிக்கூட மண்டபத்துக்குள்ளை பிறந்தவள். நல்ல மழை. திகதி ஆரும் பாக்கேல்லை, பதியவும் இல்லை. பிறகு முகாமிலை அனுமான வயதுச் சான்றிதழ் எடுக்கேக்கை டொக்டர் பல்லைப் பாத்து வயசு சொன்னவர். மாசம் கேட்டார், அம்மா மார்கழி எண்டவா. அவர் டிசம்பர் இருபத்திரண்டு எண்டு எழுதினார். ஏன் இருபத்திரண்டு எண்டு நான் கேட்டனான். ஏதாவது ஒண்டு எழுதத்தானே வேணும் பிள்ளை எண்டார்."

அப்புத்துரை அசையவில்லை. "எழுத்திலை ஏறின நாள்தான் நாள். நட்சத்திரம் எழுத்துக்குக் கட்டுப்படும்."

"அப்ப பேனையாலை வந்ததைப் பேனையாலையே மாத்தலாமே. புல் என்னத்துக்கு?"

குகதாசன் சிரித்துவிட்டார். மனைவி திரும்பிப் பார்த்ததும் இருமலாக்கினார்.

உண்மை தெரிந்தால் பயம் போய்விடும் என்று சுதர்சினி எண்ணியிருந்தாள். கமலாட்சியின் முகம் இன்னும் இருண்டது. "அப்ப நட்சத்திரமே இல்லாத பிள்ளையோ? மூலம் எண்டால் ஒரு வழி இருக்கு. ஒண்டுமே தெரியாட்டில் என்னத்தை நம்பி எடுக்கிறது?"

ஊரையே ஓட ஓட விரட்டினார்கள். அந்த ஓட்டத்தில் பிறந்த பிள்ளையிடம், நீ பிறந்த நாழிகையைக் காட்டு என்று கேட்கிறார்கள். விரட்டியவர்களிடம் இவர்கள் ஒரு கேள்வியும் கேட்டதில்லை.

கஜனி முதன்முறையாக வாய் திறந்தாள். "சதீஸ், நீங்கள் என்ன சொல்லுறீங்கள்?"

சதீஸ் தாயைப் பார்த்தான்.

கஜனி எழுந்தாள். இரண்டு பலகைகளையும் தூக்கிக்கொண்டு போய் முற்றத்தில் அப்புத்துரையின் மோட்டார் சைக்கிளுக்குப் பக்கத்தில் வைத்தாள். "ஐயா, நீங்கள் போகலாம்." சிவலட்சுமி அழத் தொடங்கினார். ஒருவரும் ஆற்றவில்லை.

இரண்டு நாள் கழித்துச் சதீஸ் தொலைபேசியில் வந்தான். அம்மாவைச் சமாளித்துவிட்டானாம். குறிப்பில் பூராடம் என்று எழுதிக் கொடுக்க ஓர் ஆள் இருக்கிறாராம்.

"அதெல்லாம் பிறகு" என்றாள் கஜனி. "முதல் வந்து அக்காவிட்டை மன்னிப்புக் கேளுங்கோ."

"அக்காவை நான் ஒண்டும் சொல்லேல்லையே."

"ஓம். அதுக்குத்தான்."

இன்றுவரை அவன் வரவில்லை. கஜனி அவனுடைய இலக்கத்தை இன்னும் அழிக்கவுமில்லை.