தேரடியில் ஒரு பதிவிறக்கம்

எங்கள் பனியன் கம்பெனியில் ஒரு ஆர்டர் ரத்தானது. வெளிநாட்டுக்காரர் வேண்டாமென்று விட்ட குழந்தைகள் டீ-ஷர்ட்டுகளை முதலாளி எங்களுக்கே பிரித்துக் கொடுத்தார். மஞ்சள் நிறம், நெஞ்சில் நீலத் திமிங்கிலம். தேர்த் திருவிழாவுக்கு என் மகளுக்கு அதைத்தான் போட்டுவிட்டேன். கூட்டத்தில் பளிச்சென்று தெரிவாள் என்று நினைத்தேன். எங்கள் கம்பெனி ஆட்கள் நிறைந்த மண்ணரை ஊரில் எல்லா அம்மாக்களும் அதையேதான் நினைத்திருக்கிறார்கள்.

அவளுக்குப் பத்து வயது. காதுக் கருவி இல்லாமல் எதுவும் கேட்காது. தப்பட்டை மேளம் நெருங்கினால் கருவிக்குள் இடி விழுவது போலிருக்குமாம். கழற்றி என்னிடம் கொடுத்துவிடுவாள். அன்றும் கொடுத்தாள். அதைப் பர்ஸில் வைத்து ஜிப்பை இழுத்து நிமிர்வதற்குள், வடம் பிடித்தவர்களுக்கு வழிவிட்ட கூட்டம் எங்களுக்கு நடுவே புகுந்துவிட்டது. அவர்கள் கடந்து போனபின் அவளைக் காணவில்லை.

மைக் மேடைக்கு ஓடினேன். விழாக் குழுப் பெரியவர் உடனே அறிவித்தார். மஞ்சள் டீ-ஷர்ட், திமிங்கிலப் படம். கொஞ்ச நேரத்தில் ஆளாளுக்கு ஒரு குழந்தையைக் கையைப் பிடித்து அழைத்து வந்தார்கள்.

"ஏனுங்க, இந்தக் கண்ணுங்களா?"

"இல்லீங்க."

"அப்ப இதுங்களா?"

"அது பையனுங்க!"

பின்னாலேயே ஒருத்தி, "எம்புள்ளைய எங்கீங்க இழுத்துட்டுப் போறீங்க?" என்று சண்டைக்கு வந்தாள். பெரியவர் மைக்கைப் பொத்திக்கொண்டு, "ஏனுங்கம்மா, ஊருக்கே ஒரே துணியைப் போட்டு உட்டா எப்படீங்க தேடறது?" என்றார்.

தெரு முடிவில் மெயின் ரோடு. பஸ் ஹாரன் அடித்தாலும் அவளுக்குக் கேட்காது. மைக்கில் எத்தனை முறை கூப்பிட்டு என்ன? அவளால் வாசிக்கத்தான் முடியும்.

முக்கில் ஒரு வேன் நின்றது. அதன் முதுகில் பெரிய எல்இடி திரை. வேட்டி விளம்பரம் ஓடிக்கொண்டிருந்தது. லேப்டாப்போடு உட்கார்ந்திருந்தவரிடம் போய் நின்றேன்.

"அண்ணா, எம்பொண்ணைக் காணோமுங்க. காது கேக்காது. இதுல ரெண்டு வார்த்தை போடுங்க."

அவர் பேச்சில் திருநெல்வேலிப் பக்கம் தெரிந்தது. "போட்ருவேன்க்கா. ஆனா எழுதி ஏத்துத சாப்ட்வேர் இதுல இல்லியே. பழைய லேப்டாப்பு போயிட்டு, இது புதுசு. விளம்பரம் ஏற்கெனவே ஏத்துனது, அதுவா ஓடுது."

"இப்பவே இறக்குங்க."

தன் போனிலிருந்து நெட் கொடுத்தார். பக்கம் திறந்ததும் பெரிய பச்சைப் பட்டனை அழுத்தினார். ஏதோ சீட்டாட்டம் வந்தது. ஆபீசில் நாளெல்லாம் லேபிள் படங்களை இறக்குகிறவள் நான். "அது விளம்பரமுங்க, கீழ சின்ன எழுத்துல இருக்குது பாருங்க" என்று மவுஸை வாங்கிவிட்டேன். பதிவிறக்கப் பட்டை நகர ஆரம்பித்தது. பாதியில் நின்றது. ஊரே தேரைப் படம் பிடித்து அனுப்பிக்கொண்டிருந்தது, எங்களுக்கு எங்கே நெட் வரும்? அவர் வேன் கூரையில் ஏறிப் போனை உயரத் தூக்கிப் பிடித்தார். பட்டை அசைந்தது. நான் லேப்டாப்பைப் பார்ப்பேன், மெயின் ரோட்டைப் பார்ப்பேன், மறுபடி லேப்டாப்பை.

சாப்ட்வேர் இறங்கி முடிந்ததும் அனுமதி கேட்டது, கொடுத்தோம். எல்இடி திரையின் அகலம், உயரம் கேட்டது, அவர் சொன்னார். நான் தமிழில் தட்டினேன். எழுத்துகளுக்குப் பதில் வரிசையாகக் கட்டங்கள் வந்தன.

"தமிழ் ஏற மாட்டேங்குக்கா. எழுத்துரு தனியா இறக்கணும்."

இன்னொரு தடவை அந்தப் பட்டையைப் பார்த்துக்கொண்டிருக்க என்னால் ஆகாது. "படம் ஏறுமுங்களா?"

"படம் நல்லா ஏறும்."

தண்ணீர் பாட்டில் வந்த அட்டைப் பெட்டியைக் கிழித்தேன். அவருடைய மார்க்கரால் பெரிதாக எழுதினேன்: அம்மா இங்கே. இந்த வெளிச்சத்துக்குக் கீழே வா.

"பேரு எழுதலியாக்கா?"

"வேண்டாமுங்க."

கருவியைக் கழற்றிய பிறகு வீட்டில் நாங்கள் எழுதித்தான் பேசுவோம். என் எழுத்து அவளுக்குத் தெரியும்.

அட்டையைப் போட்டோ எடுத்து ஏற்றினார். வேட்டி மறைந்து, கோணலாகப் போன என் கையெழுத்து ஆள் உயரத்துக்கு எரிந்தது. நான் அதற்குக் கீழே நின்றேன். கூட்டம் அண்ணாந்து பார்த்தது. எவ்வளவு நேரம் என்று தெரியவில்லை.

மெயின் ரோட்டுப் பக்கமிருந்துதான் வந்தாள். ஓடி வரவில்லை; திரையைப் பார்த்துக்கொண்டே, ஆட்களில் முட்டி முட்டி நடந்து வந்தாள். வந்ததும் மேலே காட்டி, "அம்மா, உன்ற எழுத்து!" என்றாள். நான் அவளைப் பிடித்த பிடியில் "வலிக்குதும்மா" என்று நெளிந்தாள். மார்க்கரின் மூடி இன்னும் என் உள்ளங்கைக்குள் இருந்தது.

"அழிச்சிரட்டுமாக்கா?" என்றார் வேன்காரர். நான் அவள் முடியை ஒதுக்கிவிட்டுக்கொண்டிருந்தேன். "ஓடட்டும். வேற புள்ளைகளுக்கும் ஆவும்" என்று அவரே சொல்லிக்கொண்டார்.

பர்ஸை அவளிடம் நீட்டினேன். அவளே திறந்து, கருவியை எடுத்து மாட்டிக்கொண்டாள். தலையைச் சாய்த்துக் கேட்டாள். மைக்கில் பெரியவர் இன்னும் சொல்லிக்கொண்டிருந்தார்.

"அம்மா, மஞ்ச டீ-ஷர்ட் போட்ட புள்ளையக் காணோமாம். பாவம். நாமளும் தேடலாமா?"