பல்பொடிக்குப் போட்ட பந்தயம்

2003-ம் ஆண்டு வாக்கில், பெங்களூருக்குப் பக்கத்தில் சந்தாபுராவில் குடியிருந்தோம். நான் கார்மென்ட்ஸில் காலர் தைத்துக்கொண்டிருந்தேன். கணவருக்குக் கட்டட வேலை. சாயங்காலமானால் குடித்துவிட்டு வருவார். நானும் லேசுப்பட்டவள் இல்லை. ஒரு பாட்டம் திட்டித் தீர்த்துவிட்டுத்தான் சோறு போடுவேன்.

எனக்கும் ஒரு பழக்கம் இருந்தது. புகையிலை கலந்த பல்பொடி. காலையில் மட்டும் தேய்த்துக்கொண்டிருந்தது, போகப்போக ஒரு நாளைக்கு ஏழெட்டு முறை என்று ஆகிவிட்டது. கம்பெனி பாத்ரூமிலும் இதே வேலைதான். பல் தேய்ப்பதைப் போய் யாராவது போதை என்பார்களா? அப்படித்தான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, அவர் தெளிவாக இருந்தபோது, ஒரு நாளாவது குடிக்காமல் இருக்கக் கூடாதா என்று கேட்டேன். அவர் கோபப்படவில்லை.

"நீ நாளைக்கு ஒரு நாள் அந்தப் பொடிய தொடாம இரு. நான் குடிய அடியோட விட்டுடறேன்" என்றார்.

இவ்வளவுதானா என்று எனக்குச் சிரிப்பு வந்தது.

திங்கட்கிழமை பத்து மணிக்கே தலை வலித்தது. பதினொரு மணிக்கு வேலையில் மனம் நிற்காமல், தைத்த காலரெல்லாம் கோணிக்கொண்டு போனது. சூப்பர்வைசர் கன்னடத்தில் கத்தியதும் அழுகையே வந்துவிட்டது. சாப்பாட்டு மணி அடிப்பதற்குள் பக்கத்து மெஷின்காரியிடம் பொடி வாங்கிக்கொண்டு பாத்ரூமுக்கு ஓடினேன். தேய்த்த பிறகுதான் உயிர் வந்தது. கூடவே வெட்கமும் வந்தது.

அவருக்கு எப்படித் தெரியப்போகிறது, ஜெயித்துவிட்டேன் என்று சொன்னால் குடியை விட்டுவிடுவாரே என்று வழியெல்லாம் பொய்யைத் தயார் செய்துகொண்டே வந்தேன். வீட்டில் அவர் குடிக்காமல், முகம் வெளிறிப்போய் உட்கார்ந்திருந்தார். எனக்காக அவரும் அன்று தொடவில்லையாம். அதற்குமேல் என் வாயில் பொய் வரவில்லை. "மத்தியானமே தோத்துட்டேன்" என்றேன்.

கேலி செய்வார் என்று பயந்தேன். "உன்னாலயே முடியல, என்ன மட்டும் தெனம் திட்டற," என்றவர், என்னைப் பக்கத்தில் உட்கார வைத்து, "சரி விடு, ரெண்டு பேரும் சேர்ந்தே விட்டுப் பாக்கலாம்" என்றார்.

மறுநாள் லீவு போட்டுவிட்டு இருவரும் ஒன்றாகவே டாக்டரிடம் போனோம். சுலபமாக இல்லை. அவர் இரண்டு முறை தவறினார், நான் நாலு முறை. ஆனால் ஒருவருக்கொருவர் மறைக்கவில்லை. அடுத்த தீபாவளிக்கு எங்கள் வீட்டில் சாராய நாற்றமும் இல்லை, பல்பொடியும் இல்லை. கம்பெனியில் எங்கள் தையல் லைனில் மூன்று பெண்களை நானே கூட நின்று பொடியை விட வைத்தேன். அந்தப் பெருமை எனக்கு நிறையவே உண்டு.

அன்று பொய் சொல்லி ஜெயித்திருந்தால், அவர் ஒரு வாரம் குடிக்காமல் இருந்திருப்பார், நான் பொடியும் கையுமாக அவரைத் திட்டிக்கொண்டே இருந்திருப்பேன். அதனால்தான், 'தோற்றேன்' என்று வாய்விட்டுச் சொன்ன அந்தத் திங்கட்கிழமையை, நான் ஜெயித்த நாளாக இன்றும் நினைத்துக்கொள்கிறேன்.