கெடு தாண்டிய வழக்கு

மாமல்லபுரம் கடற்கரைச் சாலையில் முறையாக உரிமம் வாங்கி மீன் வறுவல் கடை வைத்திருக்கிறேன். எதிரே ஒரு அம்மா உரிமமே இல்லாமல் வறுத்துக்கொண்டிருந்தார். நெடிய உருவம், எண்ணெய்ப் புகையில் சிவந்த கண்கள். யார் போன தடவை என்ன சாப்பிட்டார்கள் என்பதை மறக்கவே மாட்டார். "அன்னிக்கு வஞ்சிரம் துன்ன, இன்னிக்கு கானாங்கத்த துன்னு பாரு" என்பார். என் வாடிக்கையாளர்களும் அந்தப் பக்கம் போய்விட்டார்கள். வயிறு எரிந்து புகார் கொடுத்தேன்.

உணவுப் பாதுகாப்பு அதிகாரி வந்து சோதனை போட்டார். வழக்குப் போடத்தான் தாமதித்துவிட்டார். ஓராண்டுக் கெடு தாண்டிவிட்டதென்று செங்கல்பட்டு நீதிமன்றம் தள்ளுபடி செய்தது. சாட்சி சொல்லப் போயிருந்த என்னிடம் அந்த அம்மா நேராக வந்தார்.

"இன்னா அண்ணாத்த, மூஞ்சி தொங்கிப் போச்சு?"

"அதான் தப்பிச்சிட்டியே, அப்புறம் இன்னா?"

"தெனம் பயந்துகினு கட நடத்த முடியுமா? லைசென்சுக்கு எங்க எழுதிக் குடுக்கணும், சொல்லு."

வேண்டாவெறுப்பாகச் சொன்னேன். வாங்கிவிட்டார். உரிமம் இல்லாத கடை என்று மனதை ஆற்றிக்கொள்ளவும் இப்போது வழியில்லை. அங்கே உட்கார இடமில்லாதவர்களை என் கடைக்குக் கைகாட்டி அனுப்புகிறார். அதைத்தான் என்னால் தாங்கவே முடியவில்லை.