அத்தை முன்னால் சிரித்த அம்மா

அம்பத்தூர் அலுவலகத்தில் நான் எழுதிய அறிக்கையை மேலாளர் தன்னுடையதென்று எல்லோர் முன்னாலும் படித்தார். நானும் சிரித்தபடி கை தட்டினேன். பிறகு முகம் கழுவப் போய்க் கண்ணாடியைப் பார்த்தால், அந்தச் சிரிப்பு அப்படியே அம்மாவுடையது.

சின்ன வயதில் நாங்கள் குடியிருந்த ஆவடி குவார்ட்டர்ஸுக்கு அத்தை வரும்போதெல்லாம் அம்மா அப்படித்தான் சிரிப்பாள்.

"எங்கம்மா வெச்ச மீன்கொழம்பு மாதிரி வராது அண்ணி" என்பாள் அத்தை.

"இன்னும் கொஞ்சம் ஊத்தட்டுமா?" என்பாள் அம்மா. அடுப்படிக்குள் போனதும் கரண்டி ணங்கென்று விழும்.

எட்டு வயதில் ஒருநாள், "அத்தே, நீங்க போனப்புறம் அம்மா அழுவும்" என்று சொல்லிவிட்டேன்.

"புள்ள என்னமோ ஒளறுது" என்று சிரித்த அம்மா, அத்தை போனபின் இரண்டு நாள் என்னிடம் பேசவில்லை. உண்மையைச் சொன்னதற்குத் தண்டனையா என்று இன்றும் எனக்கு ஆத்திரம்தான்.

முகம் கழுவிவிட்டு வெளியே வந்ததும் மேலாளர், "எப்படிம்மா இருந்துச்சு?" என்றார்.

"சூப்பர் சார்" என்றேன்.