மாசி விலை ஏறிய வாரத்தில் தூத்துக்குடி

கோத்தகிரியில் நான் மாசிச் சம்பல் செய்து பாட்டிலில் அடைத்து விற்கிறேன். மாசி தெரியாதவர்களுக்கு ஒரு வரி: சூரை மீனை வேகவைத்து, புகையில் வாட்டி, மரக்கட்டை போல ஆகும்வரை வெயிலில் காயவைத்தால் அது மாசி. மாலத்தீவிலிருந்தும் லட்சத்தீவிலிருந்தும் வருகிறது. எங்கள் மலையில் இலங்கைத் தேயிலைத் தோட்டங்களிலிருந்து திரும்பி வந்த குடும்பங்கள் நிறைய உண்டு. எங்களுடையதும் அப்படி ஒன்று. எங்கள் சமையலில் உப்புக்கு அடுத்து மாசிதான்.

போன வருஷம் கிலோ 620 ரூபாய்க்கு வாங்கினேன். இந்த ஜனவரியில் அது 840 ஆனது. பிப்ரவரியில் கோவை வியாபாரி 910 என்றார். ஏன் என்று கேட்டால், "இம்போர்ட் ரேட்டு ஏறிப்போச்சுங்க" என்பதோடு பேச்சு முடிந்துவிடும். அந்த ரேட்டை ஏற்றுவது யார் என்று நேரில் பார்ப்பது, முடிந்தால் அங்கேயே நாற்பது கிலோ வாங்கி வருவது என்று முடிவு செய்து ஒரு செவ்வாய்க்கிழமை மதியம் கிளம்பினேன்.

கோத்தகிரியிலிருந்து மேட்டுப்பாளையம் 33 கிலோமீட்டர், ஒன்றரை மணி நேரம். அங்கிருந்து கோவை, பிறகு சிங்காநல்லூரிலிருந்து தூத்துக்குடி பஸ். மொத்தச் செலவு 470 ரூபாய். மேட்டுப்பாளையத்திலிருந்து நேரடி ரயிலும் உண்டு, ஆனால் தினமும் கிடையாது. புதன் காலை 6.10க்குத் தூத்துக்குடியில் இறங்கினேன். பழைய பஸ் ஸ்டாண்டு பக்கம் 850 ரூபாய்க்கு அறை. ஏசி வேண்டாம் என்று சொல்லிவிட்டு ஒன்பது மணிக்கெல்லாம் வருத்தப்பட்டேன். பிப்ரவரிதானே என்று மலைக்காரர்கள் யாரும் ஏமாற வேண்டாம்.

கிட்டங்கி, அதாவது சரக்கு வைக்கும் குடோன், பீச் ரோட்டிலிருந்து உள்ளே போகும் ஒரு தெருவில் இருந்தது. ஆட்டோவுக்கு 80 ரூபாய். உரிமையாளர் ராஜமணி அண்ணாச்சிக்கு அறுபது வயது இருக்கும். முன்பே போனில் பேசியிருந்தேன். "வாங்கம்மா, மலையில இருந்து வாரிய, மொதல்ல சரக்கப் பாருங்க" என்று உள்ளே கூட்டிப் போனார்.

நான் இருபது வருஷமாக மாசி இடிப்பவள். ஆனாலும் அந்தக் கிட்டங்கிக்குள் நுழைந்தபோது என் கையில் இதுவரை வந்ததெல்லாம் சில்லறைதான் என்று தெரிந்தது. தரையிலிருந்து என் தலைக்கு மேல் வரை சாக்குகள். புகையும் கடலும் கலந்த வாசனை. பனையோலைப் பாயில் ஏழு பெண்கள் உட்கார்ந்து தரம் பிரித்துக்கொண்டிருந்தார்கள். இரண்டு துண்டுகளை எடுத்து ஒன்றோடொன்று தட்டுவார்கள். நன்றாகக் காய்ந்ததென்றால் கட்டை மோதுகிற மாதிரி கணீரென்று கேட்கும். உள்ளே ஈரம் இருந்தால் சத்தம் அமுங்கும். ஒரு துண்டுக்கு ஒரு நொடிகூட ஆகவில்லை. ஏழு பேர் தட்டும் சத்தத்தில் தன் துண்டின் சத்தத்தை மட்டும் எப்படிப் பிரித்துக் கேட்கிறார்கள் என்பது எனக்குக் கடைசி வரை பிடிபடவில்லை. அண்ணாச்சி ஒன்றை உடைத்துக் காட்டினார். உடைந்த இடம் கருஞ்சிவப்பாக, கண்ணாடி போல மின்னியது.

விலையைப் பற்றி அவர் சொன்னதைச் சுருக்கமாகத் தருகிறேன். உலகத்தில் மாசியை அதிகம் சாப்பிடுவது இலங்கை. கொழும்பு வியாபாரிகள் மாலத்தீவின் தலைநகர் மாலேயில் இறங்கி வாங்கினால் நமக்கு மிச்சம் குறைவு, விலை ஏறும். இலங்கையில் டாலருக்குத் தட்டுப்பாடு வந்தபோது அவர்கள் வாங்குவதை நிறுத்தினார்கள், இங்கே விலை இறங்கியது. இப்போது மறுபடி வாங்குகிறார்கள். டின் மீன் கம்பெனிகளும் சூரையைப் பச்சையாகவே எடுத்துக்கொள்வதால் மாசி போடுவதற்கு மீன் கம்மி. இதற்கு மேல் டாலர் விலை, தோணிக் கூலி (இங்கே தோணி என்றால் சரக்கேற்றும் பெரிய மரக்கப்பல்), சுங்கம். இங்கிருந்து நெத்திலிக் கருவாடு கொழும்புக்குப் போகிறது, அதற்கும் இதே கதைதான், திசை மட்டும் வேறு.

இவ்வளவு பொறுமையாகச் சொன்னவர், "சரி அண்ணாச்சி, நாப்பது கிலோ, என்ன விலை?" என்று கேட்டதும் வேறு பக்கம் பார்த்தார்.

"இன்னைக்கு வெல சொல்ல முடியாதும்மா. ரெண்டு நாள் கழிச்சுப் பாப்போம்."

அவருடைய போன் ஓயாமல் அடித்தது. நின்ற இடத்திலிருந்தே எனக்குக் கேட்டது. யாரோ 960 என்றார்கள். அரை மணி நேரத்தில் இன்னொருவர் 1,040 என்றார். மாலேயிலிருந்து சரக்கோடு வர வேண்டிய ஒரு தோணி வரவில்லை என்பது பேச்சிலிருந்து புரிந்தது. திங்கட்கிழமை வந்திருக்க வேண்டியது, புதன் ஆகியும் தகவல் இல்லை. கையில் சரக்கு இருப்பவர்கள் பூட்டி வைத்துவிட்டார்கள்.

எனக்குக் கோபம் வந்தது. நானூறு கிலோமீட்டர் வந்திருக்கிறேன், எதிரே தலைக்கு மேல் சாக்கு அடுக்கியிருக்கிறது, விலை சொல்ல மாட்டேன் என்றால்? "தோணி லேட்டாச்சுன்னு இன்னும் ரெண்டு நாள் விலை ஏறட்டும்னு காத்திருக்கீங்களா? தோணி வராமலே போனா உங்களுக்கெல்லாம் நல்லதுதானே" என்று சத்தமாகவே சொல்லிவிட்டேன்.

தட்டும் சத்தம் மொத்தமாக நின்றது.

பாயின் ஓரத்தில் இருந்த ஒரு பெண்தான் மெதுவாகச் சொன்னார். "அக்கா, அந்தத் தோணிக்குத் தண்டலாப் போயிருக்கது இவ வீட்டுக்காரரு." தோணியின் கேப்டனைத்தான் இங்கே தண்டல் என்கிறார்கள். அவர் கைகாட்டிய பெண் தலை நிமிரவில்லை. கையிலிருந்த துண்டுகளைத் தட்டிப் பார்த்து ஒன்றைக் கூடையில் போட்டார். அவர் பெயர் பிலோமினா. நாற்பது வயது இருக்கலாம்.

அண்ணாச்சி என்னை வாசலுக்கு அழைத்துப் போய்ச் சொன்னார். "தோணி வராததுனாலதான் வெல ஏறுது. அந்தப் பிள்ளய உள்ள உக்காத்தி வச்சுக்கிட்டு ஆயிரம், ஆயிரத்தி நாப்பதுன்னு சொல்ல எனக்கு வாய் வரல. வீட்டுக்குப் போளான்னா போவ மாட்டேங்கா. அதான் யாரு கேட்டாலும் வெல கெடையாதுன்னு சொல்லுதேன்."

திரும்பி அறைக்குப் போக எனக்குக் கால் வரவில்லை. உள்ளே போய்ப் பாயில் பிலோமினாவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, தூள் சலிக்கும் வேலையைக் கேட்டு வாங்கிக்கொண்டேன். இரண்டு கூடை சலித்து முடித்தேன். பிறகு அவராகவே ஆரம்பித்தார்.

"போன வியாழக்கெழம மாலேயில இருந்து போன் பண்ணுனாவ. கெளம்புதோம்னு சொன்னாவ. பத்துப் பேரு இருக்காவ அக்கா. நாலு நாள்ல வந்துரணும்."

"கடல்ல போன் எடுக்காதா?"

"கரையத் தாண்டுனா செல்லு எடுக்காது. வயர்லெஸ்சும் ரொம்பத் தூரத்துக்குக் கேக்காது. கடலோரக் காவலுக்குச் சொல்லியிருக்கு, தேடுதாவ." ஒரு துண்டைத் தட்டிப் பார்த்து, "எஞ்சின் நின்னுருக்கும். வேற ஒண்ணும் இருக்காது" என்றார். என்னிடம் சொன்னது போலத் தெரியவில்லை.

அன்று மாலை ஐந்தரைக்கு வேலை முடிந்ததும் அவர் பனிமய மாதா கோயிலுக்குப் போனார். நானும் கூடப் போனேன். பத்து வீட்டுப் பெண்களும் அங்கே இருந்தார்கள். யாரும் அழவில்லை. என்ன சமைத்தாய், பிள்ளைக்குக் காய்ச்சல் விட்டதா என்றே பேசிக்கொண்டார்கள்.

வியாழன் காலை 11.40க்கு அண்ணாச்சிக்கு ஒரு போன். நாட்டுப் படகில் மீன் பிடிக்கப் போனவர்கள் தெற்கே, கரையிலிருந்து பன்னிரண்டு மைல் தள்ளி, ஒரு தோணியைப் பார்த்திருக்கிறார்கள். "பாய் விரிச்சு வருதாம். ஆளுவ எல்லாம் நிக்காவளாம்" என்றார் அண்ணாச்சி. பிலோமினா கையிலிருந்ததைக் கூடையில் வைத்து, முந்தானையில் கையைத் துடைத்துவிட்டுத்தான் எழுந்தார்.

பழைய துறைமுகத்துக்குள் பாஸ் இல்லாமல் போக முடியாது. பீச் ரோட்டு ஓரத்தில் கடல் தெரியும் இடத்தில் நின்றோம். கொஞ்ச நேரத்தில் இருநூறு பேர் சேர்ந்துவிட்டார்கள். வடக்கே புதிய துறைமுகத்தில் கண்டெய்னர் கப்பல்களும் ராட்சதக் கிரேன்களும். இரண்டரை மணி வரை கடலில் ஒன்றும் இல்லை. பிறகு ஒருவர் கை நீட்டினார். எனக்குத் தெரியவே பத்து நிமிஷம் ஆனது. முதலில் ஒரு வெள்ளைப் புள்ளி. அது முக்கோணமானது. அப்புறம் இரண்டு, மூன்று பாய்கள்.

நான் மலையில் பிறந்தவள். பாய் விரித்த மரக்கப்பலைப் படத்தில்தான் பார்த்திருக்கிறேன். இது முந்நூறு டன் ஏற்றும் தோணி. முழுக்க மரம். மூன்று மாடி வீடு ஒன்று சத்தமே இல்லாமல் தண்ணீரில் நடந்து வருவது போல வந்தது. எஞ்சின் ஓசை இல்லாததால் கரையில் நின்ற எல்லோரும் தாங்களும் பேசாமல் ஆகிவிட்டார்கள். பாய்கள் ஒட்டுப்போட்டவை, ஒன்றில் பெரிய கிழிசல். பத்துப் பேர்தான் அதை அங்கிருந்து இங்கே கொண்டுவந்திருக்கிறார்கள். பிலோமினா வாய்க்குள் எண்ணிக்கொண்டிருந்தார். தலைகளைத்தான். பத்து வந்ததும் ரோட்டோரக் கல்லில் உட்கார்ந்துவிட்டார். 3.25க்கு இரண்டு படகுகள் கயிறு கட்டித் தோணியை உள்ளே இழுத்துப் போயின.

சோதனையெல்லாம் முடிந்து தண்டல் சூசை வெளியே வர மாலை ஆறரை ஆனது. ஒல்லியான மனிதர், உதடெல்லாம் வெடித்திருந்தது. பிலோமினா கேட்டது ஒன்றுதான்: "சாப்ட்டியளா?"

"கஞ்சி குடிச்சோம். தண்ணிதான் கம்மியாப் போச்சு" என்றார் அவர். பிறகு அண்ணாச்சியைப் பார்த்து, "எஞ்சின் ரெண்டாம் நாளே நின்னுட்டு. வாடக்காத்து மூஞ்சிக்கு நேரா அடிக்கி. நேரா வர முடியல. கெழக்க கொஞ்சம், மேக்க கொஞ்சம்னு வளச்சு வளச்சு ஓட்டியாந்தோம். அடியில பதினோரு சாக்கு நனஞ்சுட்டு அண்ணாச்சி" என்றார்.

"சாக்கு கெடக்கட்டும்லே" என்றார் அண்ணாச்சி. தண்டலின் தோளில் கையை வைத்துக்கொண்டு அப்படியே நின்றார்.

வெள்ளிக்கிழமை காலை சந்தையில் விலை 880க்கு இறங்கியிருந்தது. போன வாரத்து 840க்கு வரவில்லை, கொழும்பு வாங்கிக்கொண்டிருக்கும்வரை வராது என்கிறார்கள். அண்ணாச்சி எனக்கு 840 போட்டார். "இது முந்தியே வந்த சரக்கு. போன வாரம் என்ன வெலையோ அதான்" என்றார். நான் புதன்கிழமை பேசியதை அவர் குறிப்பிடவே இல்லை.

போக நினைப்பவர்களுக்குச் சில விஷயங்கள். மாசி வாங்க டிசம்பர் முதல் ஏப்ரல் வரை நல்ல காலம். தென்மேற்குக் காற்று அடிக்கும் மாதங்களில் தோணிகள் கடலுக்குப் போவதில்லை, அப்போது கிடைப்பது இருப்புச் சரக்குதான். தட்டிக் காட்டச் சொல்லுங்கள், உடைத்துப் பாருங்கள். உள்ளே வெளுத்திருந்தால் வேண்டாம். முழுத் துண்டுக்கும் உடைசலுக்கும் கிலோவுக்கு நூறு, நூற்றிருபது வித்தியாசம் வரும். இடிக்கத்தான் வாங்குகிறீர்கள் என்றால் உடைசலே போதும். நாற்பது கிலோவைப் பார்சல் லாரியில் மேட்டுப்பாளையத்துக்கு அனுப்ப 380 ரூபாய் ஆனது. பஸ்ஸில் எடுத்து வரலாம்தான், ஆனால் பக்கத்து சீட்டுக்காரர் உங்களை மன்னிக்க மாட்டார். மூன்று நாளில் சரக்கு தவிர்த்து எனக்கு ஆன செலவு 4,100 ரூபாய். கோவை விலையோடு ஒப்பிட்டால் லாபம் இல்லை, 1,300 ரூபாய் நஷ்டம். ஆனாலும் போங்கள். நாம் தினமும் கிள்ளிப் போடுகிற ஒரு பொருள் எந்தத் தண்ணீரைத் தாண்டி வருகிறது என்று ஒருமுறையாவது பார்க்க வேண்டும்.

கிளம்பும் முன் கிட்டங்கிக்குப் போனேன். பிலோமினா வேலைக்கு வந்திருந்தார். வீட்டுக்காரர் தூங்குகிறாராம், எழுப்ப வேண்டாம் என்று வந்துவிட்டாராம். அன்றைக்கு அப்படிப் பேசியதற்கு மன்னிக்கச் சொல்லிக் கேட்டேன்.

"நீங்க வெல கேக்க வந்தவிய. உங்களுக்கு எப்பிடித் தெரியும்?" என்றார். பிறகு பக்கத்தில் பாயைத் தட்டி இடம் காட்டினார். "பஸ்சுக்கு நேரம் கெடக்குல்லா? உக்காருங்க. நனஞ்ச சாக்கெல்லாம் வந்திருக்கு, இன்னைக்கு ஏழு பேரு கை காணாது."

மதியம் ஒன்றரை வரை உட்கார்ந்து தட்டினேன். ஈரத் துண்டின் சத்தம் எனக்கு நான்கு முறை சரியாகக் கேட்டது. மற்றதையெல்லாம் அவர்தான் என் கூடையிலிருந்து எடுத்து மாற்றிப் போட்டார்.