பிரதம லிகிதர், உள்ளை வாரும்!

ஓய்வுபெற்ற உத்தியோகத்தருக்கு மனு அடிக்கிற தொழிலில், மனுவை அடிக்க அரை மணித்தியாலம், அது ஏன் பிந்தியது என்று கேட்டு முடிக்க அரை நாள். தட்டச்சில் விரல் தேய்ந்த சகோதரங்களே, உங்களுக்குத் தெரியாததா? எனக்கு வயது பதினேழு. கொக்குவிலில் மாமாவின் கடையில் தட்டச்சுக்காரி நான்தான். வந்தவர்கள் படியிறங்கியதும் அவர்கள் குரலிலேயே கதைத்துக் காட்டுவதும் நான்தான்.

உரிய வழி

சிவலிங்கத்தார் முப்பத்தொரு வருசம் கந்தோரில் லிகிதராய், அதாவது கிளாக்கராய் இருந்து இளைப்பாறியவர். சோதனை பாஸ் பண்ணியும், பிரதம லிகிதர் பதவி அவருக்குப் பின்னால் வேலைக்கு வந்தவருக்குப் போய்விட்டது. அந்தப் பதவியை முன்திகதியிட்டுத் தரும்படி மனு. பதினொரு வருசம் பிந்தியதற்குக் காரணம் எழுதவேண்டும்.

அவர் அப்போதே எழுதிக் கொடுத்தாராம். மேலதிகாரி ஊடாகத்தான் அனுப்பவேண்டும் என்பது விதி. மேலதிகாரி வாங்கி மேசை லாச்சிக்குள் வைத்துப் பூட்டிவிட்டார். இவர் அந்த லாச்சியைப் பார்த்தபடியே இளைப்பாறும்வரை இருந்திருக்கிறார்.

"நேரை கொழும்புக்குப் போட்டிருக்கலாமே, ஐயா?" என்றேன்.

"விசர்க்கதை கதையாதை பிள்ளை. அது ஒழுங்கில்லை."

கலியாணக் காட்

ஆவணியில் அவருடைய மகளுக்குக் கலியாணம். அழைப்புக் காட்டில் தன் பேருக்குக் கீழே 'ஓய்வுபெற்ற பிரதம லிகிதர்' என்று போடவேண்டும் என்பதுதான் மனுசனின் ஆசை முழுவதும். அச்சகத்தைப் பொறுக்கச் சொல்லியிருந்தார். சண்டைக் காலம். கொழும்புக் கடிதம் எப்போது வரும் என்று தபாற்காரருக்கே தெரியாது.

வெள்ளிக்கு வெள்ளி வருவார், ஒன்றும் கேட்கமாட்டார், இருந்துவிட்டுப் போவார். ஒருநாள் அவர் சைக்கிளில் ஏற, முந்தி ஒருக்கா அவரோடு வந்த மனுசியின் குரலில், "இஞ்சாருங்கோ, கடிதம் வந்ததே?" என்று பின்னால் கத்தினேன். கால் ஊன்றி நின்றார். திட்டு விழப்போகிறது என்று நான் மேசைக்குக் கீழே பதுங்கத் தயார்.

"குரல் சரி. ஆனா அவள் கேக்கிறேல்லை பிள்ளை. கேட்டால் எனக்கு நோகுமெண்டு வாயே திறக்கிறேல்லை."

பதில்

ஆடி முடிய நாலு நாள் இருக்க, கடிதத்தோடு வந்தார். மாமா வாசித்தார்: கோரிக்கை காலந்தாழ்த்தியது, பரிசீலிக்க இயலாது. சிவலிங்கத்தார் தலையாட்டினார். "அப்ப லிகிதர் எண்டே அடிக்கச் சொல்லுறன்," என்றார். ஆனால் வாங்கிலிருந்து எழும்பவில்லை.

எனக்குப் பொறுக்கவில்லை. பலகைத் தட்டிக்குப் பின்னால் போய், வயிற்றிலிருந்து ஒரு பெரிய அதிகாரியின் குரலை எடுத்தேன்: "பிரதம லிகிதர் சிவலிங்கம், உள்ளை வாரும்!"

"கண்டறியாத பகிடி!" என்று மாமா பல்லைக் கடித்தார். எட்டிப் பார்த்தேன். சிவலிங்கத்தார் எழுந்து நின்றார். சேட்டின் கழுத்துப் பொத்தானைப் பூட்டினார், வேட்டியை நீவினார், மனுக் கடிதங்கள் வைத்த கோவையைக் கக்கத்தில் வைத்தார். குரல் யாருடையது என்று அவருக்கா தெரியாது? தட்டியைப் பார்த்தபடி மெல்லச் சொன்னார்:

"பிள்ளை, இன்னொருக்காக் கூப்பிடு."

பதவி உயர்வு கொடுக்கிற அதிகாரம் எங்கள் கடைக்கு இல்லைத்தான், என்றாலும் அன்று நான் நாலு தரம் கொடுத்தேன்.