ஆறாவது ஐகான்

இதை எழுதலாமா என்று முதலில் அண்ணனிடம்தான் கேட்டேன். அவருக்கு இன்னும் பேச்சு சரியாக வரவில்லை. இடது கையால் சிலேட்டில் எழுதிக் காட்டினார். "நடந்ததை மட்டும் எழுது. உப்பு, காரம் சேர்க்காதே." அதனால் சேர்க்கவில்லை. மணி, நிமிடம் உட்பட எல்லாம் அன்றே என் நோட்டில் குறித்து வைத்தவை.

பேய்க் கதை என்றாலே நடுராத்திரி, கரண்ட் கட், நாய் ஊளை என்று எதிர்பார்ப்பீர்கள். என்னிடம் அதெல்லாம் இல்லை. அன்று வெள்ளிக்கிழமை. பட்டப்பகல். ஜன்னல் வழியாக வெயில் முழுசாகத் தரையில் விழுந்து கிடந்தது. மின்விசிறி ஒரு நொடிகூட நிற்கவில்லை. அதனால்தான் இன்றுவரை எனக்கு மனசு ஆறவில்லை. இருட்டின் மேல் பழி போடவும் வழியில்லை.

நான் கம்ப்யூட்டர் சர்வீஸ் செய்கிறவள். பதினோரு வருட அனுபவம். சின்ன வயதில் வீட்டில் ஒரு ரேடியோவைக்கூட முழுசாக விட்டு வைத்ததில்லை என்பதால் அண்ணன் எனக்கு வைத்த பெயர் திருகாணி. அவர் கிரேன் ஓட்டியவர். பத்து மாடி உயரத்தில் உட்கார்ந்துகொண்டு, ஒரு சின்னக் கம்பியைத் தொட்டு அசைத்தே டன் கணக்கில் இரும்பைப் பூப்போல இறக்கி வைத்தவர். நாலு மாதத்துக்கு முன்னால் பக்கவாதம் வந்தது. வலது கை விழுந்துவிட்டது. பிறகு கொஞ்சம் அசைய ஆரம்பித்தபோது, ஸ்பூனைக் கொடுத்தால் அது வாய்க்குப் போகாமல் காதுக்குப் போகும். நான் அவர் கை மேல் என் கையை வைத்து அழுத்திப் பிடிப்பேன். நடுக்கம் அடங்கும். அப்புறம்தான் சாப்பாடு உள்ளே போகும். ஒரு நாளைக்கு மூன்று வேளை இப்படி.

அவருக்குப் பயிற்சி கொடுக்கும் பிசியோதெரபி சென்டருக்கு யாரோ ஒரு புதுக் கம்ப்யூட்டரை அன்பளிப்பாகக் கொடுத்திருந்தார்கள். விரல்களுக்குப் பயிற்சியாக அதில் கேம் விளையாட வைக்கலாம் என்றார் தெரபிஸ்ட். பலூன் உடைப்பது, மீன் பிடிப்பது, சீட்டு அடுக்குவது, செங்கல் உடைப்பது, கார் ஓட்டுவது என மொத்தம் ஐந்து.

"கேம் போட்டா மட்டும் பத்தாதும்மா. அஞ்சையும் முகப்புலயே பெருசா வச்சுக் குடு. இவங்க கை நடுங்கும். மெனுவுக்குள்ள மெனு போய்த் தேடறதுக்குள்ள அழுதுடுவாங்க."

"ஷார்ட்கட் போட்டுடறேன் மேடம். அரை மணி நேர வேலை."

"திங்கட்கிழமை முதல் ஆள் உன் அண்ணன்தான். மறந்துடாத."

பிற்பகல் இரண்டு பத்துக்கு அவர் என்னிடம் சாவியைக் கொடுத்துவிட்டு, ஒரு நோயாளியின் வீட்டுக்குக் கிளம்பினார். ஐந்து மணிக்குத்தான் வருவார். சென்டரில் வேறு யாரும் இல்லை. கதவை உள்பக்கம் நானே பூட்டினேன். அட்டைப்பெட்டியைப் பிரித்துக் கம்ப்யூட்டரை வெளியே எடுத்ததும் நானே. இன்டர்நெட் இணைக்கவில்லை. மவுஸ் வயர் வைத்தது. இதையெல்லாம் ஏன் சொல்கிறேன் என்றால், பின்னால் நீங்கள் கேட்கப்போகும் கேள்விகளை எனக்கு நானே ஆயிரம் தடவை கேட்டாயிற்று.

மூன்று இருபத்தைந்துக்கு ஐந்து கேமும் ஏறி முடிந்தன. அடுத்தது ஷார்ட்கட். கேம் இருக்கும் ஃபோல்டரைத் திறந்து, கேம் ஃபைல் மேல் ரைட் கிளிக் செய்து டெஸ்க்டாப்புக்கு அனுப்பினால், மூலையில் வளைந்த அம்புக்குறியோடு ஒரு ஐகான் திரையில் வந்து உட்காரும். அதை அழித்தாலும் கேம் அழியாது. வாசலை அடைத்தால் வீடு காணாமல் போய்விடுமா? அந்த மாதிரிதான். ஐந்து ஐகானையும் பெரிதாக்கி, இடது ஓரத்தில் ஒன்றின் கீழ் ஒன்றாக அடுக்கினேன். தண்ணீர் குடிக்க எழுந்தேன்.

திரும்பி வந்தபோது மணி மூன்று முப்பத்திரண்டு.

ஐந்தும் வலது ஓரத்தில் இருந்தன.

ஏதோ செட்டிங் கோளாறு என்று நினைத்தேன். ஐகான்களைத் தானாக அடுக்கும் வசதியை அணைத்தேன். மறுபடி இடது பக்கம் இழுத்து வைத்தேன். என் பைக்குள் பேனாவைத் தேடக் குனிந்து நிமிர்ந்தேன்... மறுபடி வலது ஓரம். அதே வரிசை. ஒரு நூல்கூடப் பிசகவில்லை.

"என்னடா உனக்கு வலது பக்கம்தான் பிடிக்குமோ?" என்று திரையைப் பார்த்துக் கேட்டேன். தனியாக வேலை செய்கிறவர்கள் மெஷினோடு பேசுவது சகஜம். சிரித்துக்கொண்டே மவுஸை எடுக்கக் கை நீட்டினேன்.

மவுஸ் அங்கே இல்லை. கீபோர்டின் இடது பக்கம் இருந்தது.

நான் வலது கைக்காரி. என் ஆயுளில் மவுஸை இடது பக்கம் வைத்ததில்லை. எடுத்து வலது பக்கம் வைத்துக் கிளிக் செய்தேன். வேலை செய்யவில்லை. ரைட் கிளிக்தான் கிளிக்காக வேலை செய்தது. பட்டன்கள் இரண்டும் இடம் மாறியிருந்தன. இடது கைக்காரர்களுக்காக அப்படி மாற்றி வைப்பார்கள். நான் மாற்றவில்லை.

அப்போதே எழுந்து போயிருக்கலாம். போகவில்லை. திங்கட்கிழமை அண்ணன் வந்து உட்காரும்போது வேலை அரைகுறையாகக் கிடக்கக் கூடாது என்ற ஒரே பிடிவாதம். காலை மாற்றி மாற்றிப் போட்டேன். இரண்டு தடவை போய்க் கதவுப் பூட்டை இழுத்துப் பார்த்தேன். எதிரே சுவர் முழுக்கக் கண்ணாடி. அதில் நானும், எனக்குப் பின்னால் நடைப்பயிற்சிக் கம்பிகளும், காலி சக்கர நாற்காலி ஒன்றும் தெரிந்தன. வேறு யாருமில்லை.

மூன்று ஐம்பத்தொன்று. திரையில் ஆறு ஐகான்கள்.

ஆறாவதும் பலூன் கேம்தான். ஆனால் அடியில் பெயர் இல்லை. வெறும் இடம். எப்போது உருவாக்கப்பட்டது என்று பார்த்தேன். இன்று, மூன்று ஐம்பத்தொன்று. என் இரண்டு கையும் அப்போது மடியில் இருந்தன.

அழித்தேன்.

மூன்று ஐம்பத்து மூன்றுக்கு மறுபடி வந்தது.

அழித்தேன்.

வந்தது.

குப்பைத்தொட்டியைத் திறந்தேன். நான் அழித்தது இரண்டு. உள்ளே பத்தொன்பது கிடந்தன. எல்லாமே பெயர் இல்லாதவை.

யாரோ நான் வருவதற்கு முன்பிருந்தே அதைப் போட்டுப் போட்டுப் பார்த்த மாதிரி...

அப்போதுதான் அந்தச் சத்தம் கேட்டது.

டக்.

கொஞ்ச நேரம் எதுவும் இல்லை.

டக்... டக்.

மவுஸ் கிளிக். மவுஸ் மறுபடி கீபோர்டின் இடது பக்கம் இருந்தது. அதன் பட்டன் அமுங்கி எழுந்தது. நான் பார்த்துக்கொண்டே இருந்தேன்.

பதினோரு வருட சர்வீஸ் என்ன சொல்லிக் கொடுத்ததோ அதையே செய்தேன். சந்தேகம் வந்தால் வயரைப் பிடுங்கு. பிடுங்கினேன். மணி நாலு இரண்டு. வயரின் முனையை மேஜைக்கு வெளியே தொங்கவிட்டேன்.

டக்.

திரையில் அம்புக்குறி நகர்ந்தது.

மெதுவாக. நடுங்கி நடுங்கி. ஆறாவது ஐகானை நோக்கி. பக்கத்தில் போகும், தவறிக் கீழே சரியும். மறுபடி ஏறும். ஏழு நிமிடம். ஒரு ஐகானைத் தொட ஏழு நிமிடம்...

நாலு ஒன்பதுக்குத் தொட்டது.

பலூன் கேம் திறந்தது.

பலூன்கள் மேலே போயின. சிவப்பு, மஞ்சள், நீலம். அம்புக்குறி ஒவ்வொன்றின் பின்னாலும் போனது. எட்டவில்லை. ஒன்று, இரண்டு, மூன்று... பதினொன்று வரை எண்ணினேன். ஒன்றுகூட உடையவில்லை.

எழுந்து ஓட வேண்டும் என்று தெரிகிறது. ஓடவில்லை. பயம் மட்டும் என்றால் ஓடியிருப்பேன். அந்த நடுக்கம்... அது எனக்குத் தெரிந்த நடுக்கம். ஸ்பூன் காதுக்குப் போகும் அதே நடுக்கம்.

என் வலது கை தானாக நீண்டது. சத்தியமாக நான் யோசிக்கவில்லை. மூன்று வேளையும் செய்து பழகிய கை.

மவுஸ் மேல் வைத்தேன்.

மவுஸ் கைக்குத் தட்டுப்படவில்லை.

நடுவில் விரல்கள் இருந்தன.

சில்லென்று. மெலிந்து. எலும்பு தெரிய. என் சுண்டுவிரலுக்கு அடியில் அதன் கட்டைவிரல்.

இடது கை.

அழுத்திப் பிடித்தேன்.

நடுக்கம் அடங்கியது. அம்புக்குறி நேராகப் போய் ஒரு மஞ்சள் பலூனில் நின்றது.

டக்.

பட்!

உடைந்தது.

அந்த விரல்கள் மெல்லத் திரும்பின...

என் கையைப் பிடித்துக்கொண்டன.

உதறினேன். விடவில்லை.

இன்னொரு தடவை உதறினேன்.

ஓடினேன்.

பை, செருப்பு, செல்போன் எல்லாம் உள்ளே. பூட்டை எப்படித் திறந்தேன் என்று ஞாபகமில்லை. கீழ்ப்படிக்கட்டில் உட்கார்ந்திருந்தேன். எதிர்க் கடைச் சுவர்க் கடிகாரத்தில் நாலு பதினேழு. ஐந்து ஐந்துக்குத் தெரபிஸ்ட் வரும்வரை எழுந்திருக்கவில்லை. கையைத் துப்பட்டாவில் துடைத்துக்கொண்டே இருந்தேன்.

"ஏம்மா வெறுங்காலோட இருக்க? என்ன ஆச்சு?"

சொன்னேன். சிரிப்பார் என்று நினைத்தேன். சிரிக்கவில்லை. என்னை வாசலிலேயே நிற்கச் சொல்லிவிட்டுத் தனியாக உள்ளே போனார். பிறகு கூப்பிட்டார். திரையில் ஐந்து ஐகான்கள்தான் இருந்தன. குப்பைத்தொட்டி காலி. பலூன் கேமின் மதிப்பெண் பட்டியலில் மட்டும் ஒரு வரி. பெயர் இல்லை. மதிப்பெண் ஒன்று. நேரம் நாலு பதினைந்து.

தெரபிஸ்ட் அதைப் பார்க்கவில்லை. வலது ஓரத்து ஐகான்களையும், இடது பக்கத்து மவுஸையும்தான் மாறி மாறிப் பார்த்தார்.

"இப்படி வைக்கணும்னு உனக்கு யார் சொன்னா?"

"யாரும் சொல்லல மேடம். நான் இடது பக்கம்தான் வச்சேன்."

அவர் நாற்காலியை இழுத்து உட்கார்ந்தார்.

"ரெண்டு வருஷத்துக்கு முன்னாடி ஒருத்தர் வந்துட்டிருந்தார். மேப் வரையறவர். இடது கைப் பழக்கம். பக்கவாதத்துல அந்தக் கையே போச்சு. பேச்சும் போச்சு. அந்தப் பாதிப்புல இடது பக்கம் என்ன இருந்தாலும் அவருக்குத் தெரியாது. பழைய கம்ப்யூட்டர்ல எல்லாத்தையும் வலது ஓரத்துல வச்சு, பயிற்சிக்காக மவுஸை மட்டும் இடது கைக்கு வச்சுக் குடுப்போம். அஞ்சு மாசம் தினம் வந்து இந்தப் பலூனோட மல்லுக்கட்டினார். ஒண்ணுகூட உடைக்கல. அப்புறம் கூட்டிட்டு வர ஆளில்லன்னு நிறுத்திட்டாங்க."

"இறந்துட்டாரா மேடம்?"

"தெரியலம்மா. அந்தக் கம்ப்யூட்டரைப் போன வருஷமே தூக்கிப் போட்டாச்சு."

பையையும் செருப்பையும் எடுத்துக்கொண்டு கிளம்பினேன்.

அண்ணனிடம் அன்றிரவே எல்லாவற்றையும் சொன்னேன். வேறு சென்டருக்குப் போகலாம் என்றேன். அவர் சிலேட்டில் எழுதினார். "கை எனக்கு. பயம் உனக்கு. கூட்டிட்டுப் போ." பெரியவர் சொன்னால் பெருமாள் சொன்ன மாதிரி என்று போனேன். கம்ப்யூட்டர் பக்கம் மட்டும் போகவில்லை. வாசலிலேயே நின்றேன். நாலாவது நாள் அவர் தன் கையால் ஒரு பலூனை உடைத்தார். "தி...காணி!" என்று கத்தினார். அழுதேன். அப்போதும் உள்ளே போகவில்லை. இரவில் தூக்கம் பிடிக்காமல் எழுந்து எழுந்து உட்கார்ந்தேன். செத்துப்போன ஒரு மனிதரின் கையை உதறிவிட்டு வந்தோமே என்ற நினைப்பு, பயத்தைவிட அதிகமாக அரித்தது.

பதினோராம் நாள் தெரபிஸ்ட் போன் செய்தார்.

"அந்த மேப் வரையறவர் வீட்டு நம்பர் கிடைச்சுதும்மா. அவர் சம்சாரம்தான் எடுத்தாங்க. அவர் சாகல."

"சாகலையா?"

"உயிரோட இருக்கார். படுத்த படுக்கை. ரெண்டு வருஷமா ஒரு வார்த்தை பேசினதில்ல. இங்க வர்றதை நிறுத்தினப்புறம் ஒரு விரல் அசைஞ்சதில்ல. ஆனா நீ கேம் போட வந்த அந்த வெள்ளிக்கிழமை சாயந்திரம்..."

"எத்தனை மணிக்கு?"

"நாலே கால்னு சொல்றாங்க. திடீர்னு வாய் திறந்து பேசினாராம். ஒரே ஒரு வாக்கியம். அதுக்கப்புறம் பேச்சில்ல. யாரைப் பத்தின்னு புரியாம அந்தம்மா அன்னிலேர்ந்து எல்லாரையும் கேட்டுட்டிருக்காங்க."

"என்ன மேடம் சொன்னாரு?"



"'அந்தப் பொண்ணு ஏன் கைய விட்டுட்டா?'ன்னு கேட்டாராம்."